முழுப் பதிப்பு

அன்புள்ள அம்மாவுக்கு தாட்சாயினி வணக்கத்துடன் எழுதுவது. உங்கள் முழங்கால் வீக்கம் வற்றிவிட்டதா? அப்பா நேரத்துக்கு மருந்து எடுக்கிறாரா? நான் நலம்.

சூலியா தெருப் பக்கம் இருக்கும் எங்கள் பதிப்பகத்தில் சின்ன மனத்தாங்கல். பயப்பட ஒன்றுமில்லை. முந்நூறு வருடங்களுக்கு முன் ஓர் ஆங்கிலப் பாதிரியார் மதச் சண்டைகளைக் கேலி செய்து எழுதிய நூலை, மாணவர்களுக்காகப் புதிதாகப் பதிப்பித்துக்கொண்டிருந்தேன் அல்லவா? முதலாளி மோகனராஜ் அதில் காரமான இரண்டு அத்தியாயங்களை எடுத்துவிட்டார்.

“கம்ப்ளேன் வந்தா யாரு பதில் சொல்றது?” என்றார்.

அந்தப் பயம் எனக்கும் புரிந்தது. ஆனால் அட்டையில் ‘முழுப் பதிப்பு’ என்றே போடச் சொன்னார்.

“அப்பிடியெண்டா பதிப்பாசிரியர் எண்டு என்ர பேரைப் போட வேண்டாம், சார்” என்றேன்.

“சரி லா” என்று அப்போதே அழித்துவிட்டார்.

பக்கத்து மேசைச் சந்திரிகா அக்கா, “வேலை பர்மிட் புதுப்பிக்கிற நேரத்துல ஏம்மா வாயத் திறந்தே?” என்று கடிந்துகொண்டார். அன்று முதல் முதலாளி என்னோடு பேசுவதில்லை, புது வேலையும் தரவில்லை.

நேற்றுப் புத்தகம் வந்தது. செய்தது சரியென்றுதான் நினைக்கிறேன். ஆனாலும் சாப்பாடு இறங்கவில்லை.

என் பெயர் அச்சில் வரும் என்று மாமி வீட்டில் இன்னும் சொல்லவில்லையென்றால், சொல்ல வேண்டாம்.

நம் வீட்டுக் கறித்தூள் கொஞ்சம் அனுப்புங்கள். மத்தியானத்தில் எனக்குச் சும்மா ஒரு போன் எடுங்கள். பேச ஒன்றுமில்லாவிட்டாலும் பரவாயில்லை.

முதலாளி என்னைக் கூப்பிடுகிறாராம். சந்திரிகா அக்கா வந்து நிற்கிறார். போகிறேன் அம்மா.

தாட்சா