அப்பாவின் இடத்துக்கு நீ வர வேண்டாம்

அன்புள்ள மகனுக்கு அம்மா எழுதிக்கொள்வது. இங்கே நானும் அக்காவும் மாப்பிள்ளையும் உடம்புக்கு ஒன்றும் இல்லாமல் இருக்கிறோம், நீயும் அங்கே அப்படித்தான் இருப்பாய் என்று நினைத்துக்கொண்டு எழுதுகிறேன், அப்படி இல்லையென்றால் இதைப் படித்து முடித்த பிறகு சொல். போனில் சொல்லலாமே, எதற்குக் கடிதம் என்று கேட்பாய். போனில் நீ குறுக்கே பேசுகிறாய், நான் பாதியில் அழுதுவிடுகிறேன், அப்புறம் இரண்டு பேரும் சாப்பிட்டாயா சாப்பிட்டேன் என்று சொல்லி வைத்துவிடுகிறோம். கடிதத்தில் உன்னால் குறுக்கே பேச முடியாது. எழுதி முடித்ததும் அக்கா இதைப் போனில் படம் எடுத்து உனக்கு அனுப்புவாள். படிக்காமல் அனுப்பு என்று சொல்லியிருக்கிறேன், படிப்பாள். என் எழுத்து உனக்குத் தெரியும், நான் படித்தது அவ்வளவுதான், புரியாத இடத்தில் இரண்டு தடவை படித்துக்கொள்.

நீ போன மாதம் சொன்னாய், அடுத்த மாதக் கடைசியில் முதலாளியிடம் சொல்லிவிட்டு வேலையை விட்டு வந்துவிடப் போகிறேன், அப்பாவின் இடத்தில் கம்பெனியில் எனக்கு வேலை கொடுப்பார்கள், உன்னோடு இருந்து உன்னைப் பார்த்துக்கொள்வேன் என்று. கேட்டபோது எனக்குச் சந்தோஷமாகத்தான் இருந்தது. அதனால்தான் அன்றைக்கு ஒன்றும் சொல்லவில்லை. இப்போது சொல்கிறேன், வராதே. ஏன் என்று வரிசையாக எழுதுகிறேன், நடுவில் கோபப்பட்டு நிறுத்திவிடாமல் கடைசி வரை படி.

அப்பா காரியம் முடிந்து நீ வேலைக்குத் திரும்பிப் போன பிறகு சங்கத்துக்காரர் வீட்டுக்கு வந்தார், அப்பாவோடு ஒரே ஷிப்டில் இருந்தவர், நீ மாமா என்று கூப்பிடுவாயே அவர்தான். வேலையில் இருக்கும்போது ஒருவர் இறந்துபோனால் வீட்டில் ஒருவருக்கு இடம் தர வேண்டும் என்று ஒப்பந்தம் இருக்கிறது, ஆறு மாதத்துக்குள் கேட்டு வாங்கிவிட வேண்டும், ஒருவருக்குத்தான். “தம்பியை வரச் சொல்லுங்க அண்ணி, இந்த எடத்த விட்டுடாதீங்க, வெளியில எத்தனை பேரு இதுக்காகத் தவம் கெடக்கிறான் தெரியுமா” என்றார். நான் சரி என்று தலையாட்டினேன். அவர் போன பிறகுதான் யோசித்தேன், இத்தனை வருஷம் அந்தக் கம்பெனிச் சோறு சாப்பிட்டிருக்கிறோம், கேட்டுக்கு உள்ளே என்ன இருக்கிறது என்று நான் ஒருநாளும் பார்த்ததில்லை, பிள்ளையை ஒரு இடத்துக்கு அனுப்புவதற்கு முன்னால் ஒரு தடவை பார்த்துவிட்டு வருவோம் என்று. பெண் கொடுக்கிற வீட்டைக்கூட நாலு பேரைக் கேட்டுத்தானே முடிவு செய்கிறோம். அவரிடம் சொன்னேன். சிரித்தார், ஆனால் கூட்டிக்கொண்டு போனார்.

அன்றைக்கு வெளிநாட்டுக்காரர்கள் யாரோ வந்திருந்தார்கள் என்று பெரிய கேட்டில் விடவில்லை. பின்பக்கம் யார்டு வழியாகப் போனோம். கண்ணு, நான் அவ்வளவு கார்களை ஒன்றாகப் பார்த்ததே இல்லை. நம் நாட்டு வண்டிதான், உன் அப்பா கதவு மாட்டிய அதே வண்டி, வெள்ளை, சாம்பல், சிவப்பு என்று சுவர் முடிகிற இடம் வரைக்கும் வரிசை வரிசையாக நிற்கிறது. சக்கரங்களுக்கு நடுவில் புல் முளைத்திருக்கிறது. ஒரு காலத்தில் பணம் கட்டிவிட்டு மூன்று வருஷம் காத்திருந்து வாங்கிய வண்டி இது, நீ பிறந்தபோது நம் தெரு டாக்டர் வாங்கியதை எல்லோரும் போய்த் தொட்டுப் பார்த்துவிட்டு வந்தோம். இதெல்லாம் யாருக்குப் போகிறது என்று வாட்ச்மேனைக் கேட்டேன். “போனா சொல்றேம்மா” என்றார்.

உனக்குத் தெரிந்ததுதான், இறக்குமதி வண்டிக்கு வரியைக் குறைத்த பிறகு வெளிநாட்டு வண்டி விலை இறங்கிவிட்டது, உள்ளே டிவி மாதிரி ஒன்று வைத்துக் கொடுக்கிறார்கள், ஜனங்கள் அங்கே போய்விட்டார்கள். நம் வண்டியைக் கப்பலில் வாங்கிக்கொண்டிருந்த பக்கத்து நாட்டுக்காரர்களும் நிறுத்திவிட்டார்கள். மூன்று ஷிப்ட் இரண்டாகி இப்போது ஒன்றுதான். அமைச்சர் டிவியில் வந்து நம் நாட்டுக் கார் தொழில் எழுந்து நிற்கிறது என்றாராம், யார்டில் வாயாடி என்று ஒருத்தி இருக்கிறாள், அவள் சொல்கிறாள், “நிக்குதுதான், யாரு இல்லைன்னா, நகரத்தான் மாட்டேங்குது.” மாப்பிள்ளை வெளிநாட்டுக் கார் ஷோரூமில் இருக்கிறவர், அவர் வாயைத் திறந்தால் நம் வண்டியைக் குறை சொல்வார் என்றுதான் உன் அப்பா அவரோடு கார் பேச்சே எடுக்கமாட்டார். நான் கேட்டேன். “உங்க வண்டி கெட்ட வண்டின்னு யாரும் சொல்லல அத்தை, பழைய வண்டின்னு சொல்றாங்க. கெட்டதுன்னா ரிப்பேர் பண்ணிடலாம்” என்றார். தெருமுனையில் கார் கதவுக்கு ரப்பர் பட்டை செய்துகொண்டிருந்த பட்டறையும் மூடியாயிற்று. அந்தப் பட்டறைக்காரர் இப்போது பஞ்சர் கடை வைத்திருக்கிறார், நன்றாகத்தான் ஓடுகிறது. “எந்த நாட்டு வண்டியா இருந்தா என்னக்கா, ஆணி நம்ம ஊரு ஆணிதானே” என்று சிரிக்கிறார்.

யார்டில் பத்துப் பன்னிரண்டு பெண்கள் துணியும் வாளியுமாக வண்டிகளைத் துடைத்துக்கொண்டிருந்தார்கள். சும்மா நின்றால் வண்டி கெட்டுப்போகுமாம், தூசி தட்ட வேண்டும், காற்று பார்க்க வேண்டும், வாரம் ஒரு தடவை எஞ்சினை ஓட விட வேண்டும், இல்லையென்றால் பேட்டரி செத்துவிடும். நாங்கள் போகும்போது அந்த வாயாடி என்னைப் பார்த்துவிட்டு, “யாரு, கதவுக்காரர் வீட்டம்மாவா?” என்று கேட்டாள். ஆமாம் என்றேன். ஓடிவந்து என் கையைப் பிடித்துக்கொண்டாள், ஈரக்கை. “அண்ணன் எங்ககூடத்தான்க்கா தொடைச்சிக்கிட்டிருந்தாரு, எங்களுக்கு எட்டாதுன்னு எல்லா வண்டிக்கும் மேல்கூரை அவருதான் தொடைப்பாரு” என்றாள். நான் சங்கத்துக்காரரைப் பார்த்தேன். அவர் தரையைப் பார்த்தார்.

ஒரு வருஷத்துக்கு மேலாக அப்படித்தானாம். கதவுகள் இப்போது வெளிநாட்டிலிருந்து பெட்டியில் முழுசாகவே வந்துவிடுகின்றன, கண்ணாடியும் ரப்பரும் சேர்த்து, இரண்டு பேர் நின்று திருகி மாட்டினால் போதும். மற்றவர்களையெல்லாம் யார்டுக்கு அனுப்பிவிட்டார்கள். பிறகு சங்கத்துக்காரர் உள்ளேயும் கூட்டிக்கொண்டு போய்க் காட்டினார், அப்பா நின்ற இடத்தில் அட்டைப் பெட்டிகளை அடுக்கி வைத்திருக்கிறார்கள். நம் வீட்டில் யாருக்கும் இது தெரியாது. தினமும் அதே நேரத்துக்குக் கம்பெனிச் சட்டையைப் போட்டுக்கொண்டு போனார், சாப்பிடும்போது இன்றைக்கு ஒரு கதவு உட்காரவே மாட்டேன் என்று அடம்பிடித்தது என்று கதை சொன்னார், உன்னிடமும் போனில் சொல்லியிருப்பார். எனக்கு அவர் மேல் கோபமில்லை. சட்டை துவைத்தவள் நான். போன வருஷம் முழுக்கச் சட்டையில் கிரீஸ் கறையே இல்லை, தூசிதான். எதனால் என்று நான் யோசிக்கவில்லை, சோப்பு மிச்சமாகிறது என்று அக்காவிடம் சந்தோஷமாகச் சொன்னேன்.

ஆள் எடுப்பதைப் பார்க்கிற பர்சனல் ஆபீசரிடமும் போனோம், நல்ல மாதிரிதான், உட்காரச் சொன்னார். என் மகன் மெக்கானிக், வெளிநாட்டில் பட்டறையில் இருக்கிறான், அவனுக்கு என்ன வேலை தருவீர்கள் என்று கேட்டேன். “இப்போதைக்கு யார்டுதாம்மா, பொய் சொல்ல விரும்பல” என்றார். பிறகாவது உள்ளே வேலைக்கு எடுப்பீர்களா என்றேன். வெளிநாட்டுக் கம்பெனியோடு சேர்ந்து பேட்டரி கார் செய்யப் போகிறார்களாம், அதற்கு இவ்வளவு ஆள் தேவைப்படாது, இருக்கிறவர்களையே என்ன செய்வது என்று தெரியவில்லை என்றார். மகன் இல்லாமல் மனைவிக்குத் தருவீர்களா என்று கேட்டேன். ஐம்பது வயதுக்குள் இருந்தால் தரலாம், ஆனால் மகன் இருக்கிற வீட்டில் இதுவரை யாரும் அப்படிக் கேட்டதில்லை என்றார். எனக்கு இன்னும் ஐம்பது ஆகவில்லை, எனக்குக் கொடுங்கள் என்றேன். கண்ணு, நான் கையெழுத்துப் போட்டுவிட்டேன். அப்பாவின் இடம் முடிந்தது. இனி நீ வந்து கேட்டாலும் தரமாட்டார்கள்.

வெளியே வந்ததும் சங்கத்துக்காரர் பிடித்துக்கொண்டார். “என்ன அண்ணி இப்படிப் பண்ணிட்டீங்க, பையன் கிட்ட ஒரு வார்த்தை கேக்க வேண்டாமா” என்றார். உங்கள் மகனை ஏன் இங்கே சேர்க்கவில்லை என்று கேட்டேன். “அவன் வேற லைன் அண்ணி” என்றார். அப்புறம் பஸ்ஸில் டிக்கெட் எனக்கும் சேர்த்து எடுத்தார். அக்காதான் ஒரு நாள் முழுக்க அழுதாள், எங்கம்மா கார் துடைக்கப் போகிறாள் என்று மாமியார் வீட்டில் எப்படிச் சொல்வேன் என்று. துடைக்கிறாள் என்றே சொல், ஓட்டுகிறாள் என்றா சொல்லச் சொன்னேன் என்றேன். மறுநாள் மாப்பிள்ளை ஷோரூமிலிருந்து இரண்டு மெத்தென்ற துணி கொண்டுவந்து கொடுத்தார், “இது கீறல் போடாது அத்தை” என்று. அவரைப் பற்றி உனக்கு இன்னொன்றும் சொல்ல வேண்டும். அப்பா இறந்த அன்றைக்கு வீட்டுப் படியில் சாய்ந்தபோது ஆம்புலன்சுக்கு முன்னால் மாப்பிள்ளைதான் வந்தார், ஷோரூம் வண்டியோடு. அதில் ஏறவே மாட்டேன் என்று எத்தனை தடவை உன் அப்பா நடந்தே போயிருக்கிறார். தூக்கி உட்கார வைத்துக் கதவைச் சாத்தியதும், “இவங்க கதவு நல்லாத்தான் சாத்துதுடி” என்றார். அதற்குப் பிறகு ஆஸ்பத்திரி போகும் வரைக்கும் பேசவில்லை, அதற்குப் பிறகும் பேசவில்லை. மாப்பிள்ளை இதை யாரிடமும் சொன்னதில்லை. வேறு யாராவது என்றால் வியாபாரத்துக்குச் சொல்லியிருப்பார்கள். நீ அவரோடு சரியாகப் பேசுவதில்லை, இனிமேல் பேசு.

நான் போக ஆரம்பித்து மூன்று வாரம் ஆகிறது. முதல் நாள் எஞ்சினைப் போடச் சொன்னார்கள், கியரில் இருந்திருக்கிறது, வண்டி துள்ளி முன்னால் இருந்த வண்டியை முட்டிவிட்டது. சூப்பர்வைசரைச் சோடாபுட்டி என்றுதான் எல்லோரும் சொல்வார்கள், கண்ணாடி அவ்வளவு கனம், ஓடிவந்தார். “அண்ணி, வாங்கத்தான் ஆளில்ல, இடிச்சா மட்டும் கேக்க பத்துப் பேரு வருவான்” என்று கத்திவிட்டு, கியரை எப்படி எடுப்பது என்று அவரே சொல்லிக்கொடுத்தார். இப்போது வருகிறது. எஞ்சின் ஓடும் நேரம் நாங்கள் உள்ளே உட்கார்ந்திருக்க வேண்டும், கண்ணாடியை ஏற்றிவிட்டால் வெளியே ஒன்றும் கேட்காது. அங்கே இருக்கிறவர்களில் பாதிப் பேர் என்னைப்போல் புருஷன் இடத்துக்கு வந்தவர்கள்தான். ஒருநாள் நான் முகத்தைத் துடைத்துக்கொண்டு இறங்கினேன், வாயாடி பார்த்துவிட்டாள். “அழணும்னா டீசல் வண்டியில உக்காந்து அழுங்கக்கா, அதுலதான் சத்தம் ஜாஸ்தி” என்றாள். எல்லோரும் சிரித்தார்கள், நானும் சிரித்தேன், அப்பா போன பிறகு அதுதான் முதல் தடவை. கூரை துடைக்க எனக்கும் எட்டவில்லை, வாளியைக் கவிழ்த்துப் போட்டு ஏறிக்கொள்கிறேன்.

போன வாரம் ஒரு கப்பலுக்கு இரண்டு வரிசை போயிற்று. எந்த நாடோ தெரியாது, பாதி விலைக்குத் தள்ளிவிட்டார்களாம், நீ இருக்கிற பக்கம் இல்லை என்றார் சோடாபுட்டி. இப்படியே போனால் இரண்டு வருஷத்தில் யார்டு காலியாகிவிடும், அப்போது எங்களையும் அனுப்பிவிடுவார்கள். அதை நினைத்துத்தான் உன்னை வர வேண்டாம் என்கிறேன். இரண்டு வருஷத்தில் எனக்கு வேலை போனால் கிழவி வீட்டில் உட்கார்ந்தாள் என்பார்கள், ஒன்றும் குறையாது. உனக்குப் போனால் முப்பது வயதில் நீ யாரிடம் போய் நிற்பாய்? அங்கே விட்டுவந்த இடத்தில் வேறு ஒருவன் நிற்பான். நான் தனியாக இருக்கிறேன் என்று நினைத்துத் தூக்கம் கெடுத்துக்கொள்ளாதே. தனியாகத்தான் இருக்கிறேன், நீ வந்தாலும் அந்தத் தனிமை அப்படியேதான் இருக்கும். இதை மனசு கல்லாகி எழுதவில்லை, பார்த்ததை எழுதுகிறேன். லீவு கிடைக்கும்போது வா, என்னைப் பார்க்க வா, அதற்கு யாரையும் கேட்க வேண்டியதில்லை.

குளிர் அதிகம் என்று சொன்னாய், காதை மூடிக்கொள். கூட இருக்கிற பையன்களோடு சண்டை வைத்துக்கொள்ளாதே, உடம்பு முடியாமல் போனால் தண்ணீர் கொடுக்க அவர்கள்தான் இருக்கிறார்கள். முதலாளியிடம் இன்னும் சொல்லவில்லையென்றால் சொல்லாமலே இரு. சொல்லியிருந்தால் இதைப் படித்தவுடன் போய், எங்கம்மா வேலைக்குப் போய்விட்டாள், நான் போகவில்லை என்று சொல். வெட்கப்படாதே. கோபமிருந்தால் என்னை நாலு வார்த்தை திட்டி எழுது, படித்துக்கொள்கிறேன். நீ நீண்ட ஆயுளோடும் கையில் ஒரு வேலையோடும் நன்றாக இருக்க வேண்டும் என்பதைத் தவிர எனக்கு வேறு வேண்டுதல் இல்லை.

முதலாளி என்ன சொன்னார் என்று இன்றைக்கே அக்காவுக்கு ஒரு வரி அனுப்பு. அவள் கோபத்தில் சொல்லாமல் விட்டாலும் மாப்பிள்ளை வந்து சொல்லிவிடுவார். கதவைத் தாழ் போடாமல் உட்கார்ந்திருக்கிறேன்.

இப்படிக்கு,
உன் அம்மா