கட்டி தட்டிய களி

பொம்மிடி,
2025 பிப்ரவரி 9. இன்றோடு எனக்கு எழுபத்து நான்கு வயதும் மூன்று மாதமும்.

அன்புள்ள உங்களுக்கு,

நேற்று நீங்கள் தொலைபேசியில் பேசியதிலிருந்து எனக்கு இருப்புக் கொள்ளவில்லை. துவைத்த புடவையையே மறுபடி துவைத்தேன்.

"எனக்கு நடக்கற பாராட்டு விழா டிவியில வருது புள்ள. மேடையில நீ களி கிண்டற, கட்டி தட்டுது, நான் வாயில போட்டுப் பல்லப் புடிச்சிக்கறேன். ரயிலேறி வந்துடு" என்றீர்கள்.

"எனக்கு நடிக்கத் தெரியாதுங்க."

"நீ நடிக்கவே வேணாம். எப்பவும்போலக் கிண்டு, போதும்!"

நகைச்சுவை எழுத்தாளராக உங்களை ஊரறியச் செய்தது அந்தக் களிதான். நீங்கள் எழுதிய முதல் படத்தில் கதாநாயகன், மனைவி கிண்டிய களியாலேயே திருடனை அடித்து வீழ்த்தினான். பிறகு தொலைக்காட்சித் தொடரில் வாரந்தவறாமல் அது வந்தது. நான் பொருளாதாரம் நடத்த வகுப்புக்குள் நுழைந்தால், பின்வரிசையில் "களி வருதுடா" என்பார்கள். பொறுத்துக்கொண்டேன், உங்களுடைய மற்ற நகைச்சுவைகளுக்கு அது தேவலை.

விழாவுக்கு நான் வரப்போவதில்லை. நீங்களும் அந்தக் காட்சியை விட்டுவிடுங்கள். என் மானத்துக்காகக் கேட்கவில்லை; அது போய் நாற்பது வருடமாகிறது.

நமக்கு மணமான வருடம், நீங்கள் சென்னைக்குக் கிளம்பிய காலையில், தட்டைத் தள்ளிவிட்டுச் சிரித்தீர்களே, அந்தக் களியை நான் கிண்டவில்லை. உங்கள் அம்மா கிண்டினார். அவருடைய வலக்கை அப்போதே விழத் தொடங்கியிருந்தது. களி கிண்டும் துடுப்பைச் சுழற்ற முடியவில்லை.

"அவனுக்குத் தெரிஞ்சா சினிமாவ வுட்டுட்டு வூட்டோட கெடந்துடுவான். நீ கிண்டனதாவே இருக்கட்டும் சாமி" என்றார்.

இருக்கட்டும் என்றேன்.

இப்படிக்கு,
உங்கள் மனைவி