உருளைக்கிழங்கு வேரா, தண்டா?

பவானிபட்னா,
4.7.2023

அன்பு மகாபிரசாத்துக்கு,

இங்கே நலம் என்று எழுத ஆசை. நீயும் அம்மாவும் சுகமா? போனில் பேசினால் பதிவாகும், வாயைத் திறக்காதே என்று என் வக்கீல் மிரட்டியிருக்கிறார். அதனால்தான் காகிதம்.

நம் வழக்கு பதினெட்டாம் தேதி வருகிறதாமே. ஒன்பது வருடமாக “இன்னிக்கு எடுக்கல” என்றே கேட்டுப் பழகிவிட்டேன். இந்த முறை எடுத்துவிடுவார்களாம். என் நியமன ஆணையில் ‘தீர்ப்புக்குக் கட்டுப்பட்டது’ என்று ஒரு வரி இருக்கிறதே, அதனால் பள்ளியில் எனக்கு ‘கேஸ் டீச்சர்’ என்றே பெயர். வேலை போனால், படுத்த படுக்கையாக இருக்கும் என் வீட்டுக்காரரையும் இரண்டு பிள்ளைகளையும் கூட்டிக்கொண்டு எங்கே போவேன்?

நீ போட்ட மனுவைத் திரும்பப் பெறக் கூடாதா? கேட்கவே கூசுகிறது. கேட்டுவிட்டேன்.

உன்,
லாபண்யா

---

திட்லாகட்,
8.7.2023

அன்பு மகாபிரசாத்துக்கு,

பூரி ஜகந்நாதர் கோயிலில் பிரசாதம் மாற்றி ஊட்டிக்கொண்டு தோழி உறவான நாளிலிருந்து, நீ என்னை அழைப்பதுபோல நானும் உன்னை ‘மகாபிரசாத்’ என்றுதான் அழைக்கிறேன்; உன் பெயரை வாயால் சொன்னதில்லை. ஆசிரியர் தேர்வில் கடைசியாகத் தேறியவளையும் வழக்கில் சேர்க்க வேண்டும் என்று வக்கீல் பட்டியலை நீட்டியபோதுதான் அது நீ என்று தெரிந்தது. அப்படியும் உன் பெயரை எழுதிக் கொடுத்தேன்.

உருளைக்கிழங்குக் கேள்விக்கு நான் ‘தண்டு’ என்று எழுதினேன், நீ ‘வேர்’ என்று எழுதினாய். விடைக்குறிப்பில் வேர் என்று போட்டுவிட்டார்கள். அந்த ஒரு மதிப்பெண்ணில் உனக்கு வேலை, எனக்கு வழக்கு. எனக்கு நாற்பத்தொரு வயது. இனி எந்தத் தேர்வும் எழுத முடியாது. இதையும் விட்டால் எனக்கு என்ன மிச்சம்?

அம்மா கேட்கிறாள்: “ஜட்ஜய்யா இன்னும் கெழங்கத் தோண்டிக்கிட்டேதான் இருக்காரா?” சிரிப்பு வரவில்லை. தோற்றாலும் பயம். ஜெயித்தாலும் உன் பிள்ளைகள் முகத்தில் எப்படி விழிப்பது என்று பயம்.

உன்,
குந்தளா

---

பவானிபட்னா,
11.7.2023

அன்பு மகாபிரசாத்துக்கு,

நேற்று ஐந்தாம் வகுப்பில் கிழங்குப் பாடம். “டீச்சர், மண்ணுக்குள்ளதானே இருக்கு, அப்ப வேர்தானே?” என்றாள் ஒருத்தி. “இல்லடி, கண்ணுலேர்ந்து முளை வருது பாரு, தண்டு” என்றேன். ஒன்பது வருடமாக அப்படித்தான் சொல்லிக்கொடுக்கிறேன்.

ஆனால் போன மாதம் கோர்ட்டுக்குக் கொடுத்த பிரமாணப் பத்திரத்தில், வேர்தான் சரி என்று சத்தியம் செய்து கையெழுத்துப் போட்டேன். அவரிடம்கூடச் சொல்லவில்லை. உன்னிடம் மறைத்தால் நெஞ்சு வெடித்துவிடும் போலிருந்தது.

உன்,
லாபண்யா

---

திட்லாகட்,
14.7.2023

மகாபிரசாத்துக்கு,

உன் கடிதத்தை இத்துடன் பதிவுத் தபாலில் திருப்பி அனுப்புகிறேன்.

என்ன காரியம் செய்தாய்? போனுக்குப் பயந்தவள், கையெழுத்தோடு எழுதிக் கொடுத்திருக்கிறாயே! இதை வக்கீலிடம் நீட்டினால் பதினெட்டாம் தேதியே எல்லாம் முடிந்துவிடும்.

காலையில் ஜெராக்ஸ் கடைக்குப் போனேன். உன்னிடம் பொய் சொல்ல மாட்டேன், போனேன். எனக்கு முன்னால் இரண்டு பேர். நின்றபடியே உன் கையெழுத்தைப் பார்த்துக்கொண்டிருந்தேன். “அடுத்து யாரும்மா?” என்றார் கடைக்காரர். வெளியே வந்துவிட்டேன். கடை காலியாக இருந்திருந்தால் என்ன செய்திருப்பேனோ! தபால் நிலையத்தில் உட்கார்ந்து இதை எழுதுகிறேன். எனக்கு என்னை நினைத்தே பயமாக இருக்கிறது.

வழக்கு முடியும்வரை எனக்கு எழுதாதே.

குந்தளா