சைக்கிள் டியூப் சுற்றிய பிரபஞ்சம்

ஏனுங்க,

இன்று காலை பக்கத்துச் சோளக்காட்டில் போர்வெல் போட ரிக் வண்டி வந்தது. கம்ப்ரசர் உறுமியதும் சமையற்கட்டு ஜன்னல் அதிர்ந்தது. பின்னாலேயே பாறை துளைத்த கல்மாவு வாசம். நீங்கள் போன பிறகு அந்த வாசம் வந்தால் ஜன்னலைச் சாத்திவிடுவேன். இன்று சாத்தவில்லை, கோபம்தான் வந்தது.

நான் கல்லூரியில் இயற்பியல் நடத்துகிறவள். நீங்கள் ஊர் ஊராகத் துளை போட்டவர். திருச்செங்கோட்டுக்குத் திரும்பினால் வண்டிக்கடியில் படுத்துக்கொண்டே என் பாடத்தைக் கேட்பீர்கள். இந்தப் பிரபஞ்சமெல்லாம் வெடித்துத்தானே வந்தது என்பீர்கள். வெடிக்க வெளியே ஓர் இடம் வேண்டும், இங்கே இடமே விரிந்தது, கண்ணிமைக்கும் நேரத்துக்குள் பயங்கரமாக வீங்கியது என்றும் ஒரு கணிப்பு உண்டு என்று சண்டைக்கு வருவேன். அதற்கு முன் என்ன என்பீர்கள். ஆழம் போதாதென்று இன்னும் ஒரு ராடு இறக்கச் சொல்லும் காட்டுக்காரரைப் போல விடவே மாட்டீர்கள்.

பிரபஞ்சத்தின் முடிவைக் கேட்டபோது மூன்று சொன்னேன். திரும்பச் சுருங்கி நொறுங்கலாம், கிழிந்து சிதறலாம், விரிந்துகொண்டே போய்க் குளிர்ந்து அடங்கலாம். கடைசியைத்தான் பலரும் நம்புகிறார்கள் என்றேன். உங்களுக்குப் பிடிக்கவில்லை.

"போறதுன்னா பட்டுன்னு போயிரோணும் சாமி. கொஞ்சங்கொஞ்சமாச் சில்லிட்டுச் சாவறதெல்லாம் ஒரு சாவா?"

அப்போது உங்கள் கையில் கம்ப்ரசர் காற்று போகும் ஹோஸ். ஓரிடத்தில் எலி விழுங்கிய பாம்பு போல வீங்கியிருந்தது. அதன்மேல் பழைய சைக்கிள் டியூபை இறுக்கிச் சுற்றினீர்கள். புதிது மாற்றச் சொன்னேன்.

"இந்த ஒரு பாயிண்டு முடியட்டும். உன்ற பிரபஞ்சம் வீங்குனப்ப யாரு டியூப் சுத்துனாங்க?" என்று சிரித்தீர்கள்.

அந்தப் பாயிண்டில் துளை போடும்போதுதான் ஹோஸ் கிழிந்தது. அறுந்த முனை துள்ளி உங்கள் நெஞ்சில் அடித்தது. துக்கத்துக்கு வந்த ஒருவர் விதி என்றார். கையிலிருந்த சொம்பை அவர்மேல் எறிந்தேன். நெற்றி பிளந்து ரத்தம் வந்தது. இன்றுவரை அதற்கு நான் வருந்தவில்லை.

இன்று வேலியோரம் போய்ப் பார்த்தேன். இந்த ரிக்கின் ஹோஸிலும் அதே கறுப்பு டியூப். ராடு மாற்ற அவர்கள் கம்ப்ரசரை நிறுத்தியதும், காற்று முழுதும் இறங்கும்வரை காத்திருந்தேன். பிறகு தென்னை மட்டை சீவும் கொடுவாளோடு உள்ளே போனேன். முதல் வெட்டில் டியூப் அறுந்தது. விடாமல் வெட்டினேன். ஹோஸுக்குள்ளே இருக்கும் கம்பிவலை பிதுங்கியது. ரிக்கை இயக்கும் டிரில்லர் ஓடிவந்து என் மணிக்கட்டைப் பிடித்து முறுக்கினார்.

"பைத்தியமாங்க உங்களுக்கு? காட்டுக்காரருக்கு நா என்னங்க பதில் சொல்றது?"

"புது ஹோஸ் வாங்கிட்டு வாங்க. பதில் சொல்ல நீங்க உசுரோட இருப்பீங்க."

டியூப் விலகிய இடத்தில் வீக்கம் தெரிந்தது. அதைப் பார்த்துவிட்டு அவர் என் கையை விட்டார். வண்டி இன்று ஓடாது.

மணிக்கட்டு கன்றிவிட்டது, இதை எழுதவே வலிக்கிறது, சாக்பீஸ் பிடிக்க வராது. ஆனாலும் கல்லூரிக்குக் கிளம்புகிறேன். இன்றைய பாடம் அந்த மூன்று முடிவுகள்தான். கிழிந்து சிதறுவதையும் நடுங்காமல் சொல்லிவிடுவேன். உங்களிடம் மட்டும் ஒன்று சொல்ல வேண்டும். பட்டென்று போனது நீங்கள் மட்டும்தானுங்க. எனக்கு அந்த ஹோஸ் இன்னும் கிழிந்துகொண்டே இருக்கிறது.