நேரில் பார்த்த சாட்சி

அப்பா,

உங்கள் கறுப்பு கோட்டில் அந்துருண்டை வாசனை. நாளைக்குப் படத்துக்குப் பக்கத்தில் மாட்டிவைக்க வேண்டுமாம். அம்மா அதைப் பீரோவிலிருந்து எடுத்து என் அறைக் கதவில் தொங்கவிட்டிருக்கிறாள். வெளிச்சம் வெளியே தெரியாமலிருக்கப் போர்வைக்குள் டார்ச்சை வைத்துக்கொண்டு எழுதுகிறேன். அம்மா பார்த்தால், பேச்சை மனப்பாடம் செய்யாமல் என்ன எழுதுகிறாய் என்பாள். எனக்குப் பயமே அந்தப் பேச்சை நினைத்துத்தான்.

நாளை சாயங்காலம் தி. நகர் மண்டபத்தில் உங்கள் படத்திறப்பு. கட்சித் தலைவர் வருகிறார். உங்கள் இடத்துக்கு வரப்போகும் இடைத்தேர்தலில் அம்மாவுக்கு சீட் உண்டா இல்லையா என்று அதற்குப் பிறகுதான் முடிவு செய்வாராம். நானும் கொஞ்சம் பேச வேண்டும். கடைசி வரியை நம் பகுதிச் செயலாளர் மாமாவே சொல்லிக்கொடுத்தார்.

"'தொகுதி ஜனங்களைக் கைவிட்டுடாதீங்க'ன்னு அப்பா கடைசியா சொன்னாரு. இந்த ஒரு வரி போதும் கண்ணு. தலைவரே கண்ணைத் தொடைச்சுக்குவாரு பாரு."

"அப்பா அப்படிச் சொல்லலையே மாமா."

"சொல்லியிருப்பாரும்மா. அவரை எனக்குத் தெரியாதா?"

'சொல்லியிருப்பார்.' நீங்கள் இருந்திருந்தால் அந்த ஒரு சொல்லைப் பிடித்துக்கொண்டு மாமாவை அரைமணி நேரம் நிற்க வைத்திருப்பீர்கள்.

எம்.எல்.ஏ. ஆன பிறகும் நீங்கள் வக்கீலாகத்தான் இருந்தீர்கள். காலையில் நான் ஷூ மாட்டும்போது மந்தைவெளி வீட்டு கார் ஷெட்டில் மனு கொடுக்க வந்தவர்கள் நிற்பார்கள். யார் என்ன சொன்னாலும் உங்களிடமிருந்து ஒரே கேள்விதான் வரும்: "நீங்க நேர்ல பார்த்தீங்களா, இல்ல யாராவது சொன்னாங்களா?" கால்வாய் ஓரத்திலிருந்து வந்த ஒரு அம்மாவுக்கு ஒருநாள் கோபமே வந்துவிட்டது.

"இன்னா நைனா, தண்ணி வர்லன்னா வர்லதான்! இதுக்குக்கூட சாட்சி கேப்பியா?"

"பார்த்தீங்களாம்மா?"

"பாக்காம? வெடிகாத்தால புடிச்சு கொயாவாண்டதான் குந்திக்கினு கீறேன். காத்துதான் வருது!"

சிரித்துக்கொண்டே கையெழுத்துப் போட்டீர்கள். "வக்கீல் சார், இது கோர்ட் இல்ல. இவங்க ஓட்டுப் போடுற ஜனம்" என்று பின்னால் மாமா முணுமுணுத்தார்.

அந்த வாரம்தான் பள்ளியிலிருந்து எங்களைச் சட்டசபை பார்க்க அழைத்துப்போனார்கள். மேலே பார்வையாளர் மாடத்தில் நான் சீருடையில் உட்கார்ந்திருந்தேன். தண்ணீர் வரவில்லை என்று நீங்கள் எழுந்து சொன்னதும், "ஆதாரம் இருக்கா?" என்று எதிர்ப் பக்கத்திலிருந்து கத்தினார்கள். "குழாய்ப் பக்கத்துல உக்காந்திருந்த அம்மாவே வந்து சொன்னாங்க" என்றீர்கள். பாதிப் பேர் சிரித்தார்கள். அமைச்சர் பதில் சொல்லும்வரை நீங்கள் உட்காரவில்லை. பக்கத்திலிருந்த தோழி, "உங்கப்பா ஏண்டி இன்னும் நின்னுட்டே இருக்காரு?" என்று கேட்டாள். எனக்குப் பெருமையாக இருந்ததா, வெட்கமாக இருந்ததா என்று இப்போது நினைத்தாலும் தெரியவில்லை.

வீட்டிலும் அதே கோர்ட்தான். சாப்பாட்டு மேசை நாற்காலியைத் திருப்பிப் போட்டு, அதன் முதுகுக்குப் பின்னால் என்னை நிறுத்துவீர்கள். அதுதான் கூண்டு. டப்பாவிலிருந்த மைசூர்பா எங்கே?

"பூனை சாப்பிட்டுச்சுன்னு கேள்விப்பட்டேன், யுவர் ஆனர்."

"கேள்விப்பட்டதெல்லாம் சாட்சியம் ஆகாது. தள்ளுபடி! சாட்சி வாயைத் திறந்து காட்டட்டும்."

அம்மாவுக்குச் சிரித்துச் சிரித்துப் புரையேறும். இப்போது அந்த மேசையில் நாங்கள் இரண்டு பேரும் எதிரெதிரே உட்கார்ந்து சத்தமில்லாமல் சாப்பிடுகிறோம்.

அடையாறு ஆஸ்பத்திரியில் அந்தக் கடைசி மத்தியானம் அம்மா மருந்து வாங்கக் கீழே போயிருந்தாள். கட்சிக்காரர்கள் எல்லோரும் வராந்தாவில். அறையில் நான் மட்டும். நீங்கள் கண்ணைத் திறந்தீர்கள். "பயமா இருக்குடா. கையைப் பிடிச்சுக்கோ" என்றீர்கள். பிடித்துக்கொண்டேன். அவ்வளவுதான். தொகுதி இல்லை, ஜனங்கள் இல்லை. அன்று என்ன சொன்னீர்கள் என்று அம்மா இதுவரை என்னைக் கேட்டதில்லை. கேட்க அவளுக்கும் பயம் என்று நினைக்கிறேன்.

இன்று சாப்பிடும்போது மட்டும் சொன்னாள். "ஒரு வரிதானே கண்ணு. சீட் வேற யாருக்காவது போயிட்டா, காலைல வாசல்ல வந்து நிக்கிறவங்களுக்கு நான் என்ன பதில் சொல்றது?" அவள் ஆசையால் சொல்லவில்லை அப்பா. இன்னும் வருகிறார்கள். காலியாகக் கிடக்கும் உங்கள் நாற்காலியைப் பார்த்துவிட்டு, மனுவை மடித்துக்கொண்டு திரும்பிப் போகிறார்கள்.

அதனால்தான் சொல்லிப் பார்த்தேன், கண்ணாடி முன்னால். அந்த வரி வரும்போதெல்லாம் நிறுத்திவிடுகிறேன். கதவில் தொங்கும் கோட்டு கேட்கிறது: சாட்சி, நேரில் பார்த்தீர்களா?

காலையில் முதலில் அம்மாவிடம் சொல்லிவிடுவேன். அவள் அழலாம், கோபிக்கலாம். பிறகு மேடையில் இப்படிச் சொல்வேன்: "அப்பா தொகுதியைப் பத்தி எதுவும் சொல்லலை. கையைப் பிடிச்சுக்கச் சொன்னாரு. பிடிச்சுக்கிட்டேன்." பயமாக இருக்கிறது என்று நீங்கள் சொன்னதை மட்டும் சொல்ல மாட்டேன். அது எனக்கு மட்டும் சொன்னது.

அதற்குப் பிறகு சீட் கிடைக்குமா, தெரியாது. மாமா முகத்தைத் திருப்பிக்கொள்வார். அவ்வளவு பெரிய மண்டபத்தில் எனக்குப் பக்கத்தில் யாரும் நிற்கப்போவதில்லை.

எனக்கும் பயமாகத்தான் இருக்கிறது அப்பா. பேசும்போது இடது கையால் வலது கையை இறுக்கிப் பிடித்துக்கொள்வேன். அன்று நீங்கள் பிடித்திருந்தது வலது கை.