லிங்கன் தாடி

எல்ம்ஃபோர்ட், இல்லினாய்
ஏப்ரல், திங்கட்கிழமை

அன்பு மகன் வெண்டலுக்கு,

அம்மா எழுதுவது. அலாஸ்காவில் குளிர் விட்டதா? படகில் போகும்போது கையுறை போட்டுக்கொள். நான் நலம். அப்பா நலம் என்று எழுதத்தான் கை வரவில்லை. போனில் சொல்லலாமென்றால் பக்கத்திலேயே நிற்கிறார்.

ஜூலை நான்கு சுதந்திர தின ஊர்வலத்தில் லிங்கன் வேஷம் போடுபவருக்கான தேர்வு சனிக்கிழமை நூலகக் கூடத்தில் நடந்தது. உயரத் தொப்பியோடு ஐந்து லிங்கன்கள் வரிசையாக உட்கார்ந்து காப்பி குடித்ததைப் பார்த்திருந்தால் சிரித்திருப்பாய். வழக்கம்போல அப்பாவின் வலக் கன்னத்தில் என் புருவப் பென்சிலால் லிங்கனின் மச்சத்தை வைத்தேன். அவர் முகத்தை நிமிர்ந்து பார்க்கவில்லை. "என்னடி, இந்த வயசுல வெட்கமா?" என்று கேலி செய்தார்.

அவர் தொண்டையில் கட்டி இருக்கிறது, வெண்டல். நல்ல கட்டி இல்லை. உடனே கதிர் சிகிச்சை தொடங்க வேண்டும், ஜூலை வரை தள்ளினால் கைமீறிவிடும் என்று டாக்டர் சொல்லிவிட்டார். சிகிச்சையில் அந்த மீசையில்லாத லிங்கன் தாடி உதிருமாம். "ஊர்வலம் முடியட்டும், அப்புறம் என்னை என்ன வேணா செஞ்சுக்கோங்க" என்கிறார். உன்னிடம் சொல்லக் கூடாதென்று சத்தியம் வேறு வாங்கினார். இதோ, மீறிவிட்டேன்.

இந்த வருஷம் மட்டும் ஒட்டுத்தாடியை அனுமதியுங்கள் என்று குழுத் தலைவி பெர்னடீனிடம் முன்பே போய்க் கெஞ்சினேன். "அந்தச் சட்டமே உன் வீட்டுக்காரர் போட்டதுதானே, லொரைன்!" என்று சிரித்தாள். உண்மைதான். அப்போது லிங்கனாக வந்த விர்ஜிலின் ஒட்டுத்தாடி நடுத்தெருவில் கழன்று குதிரை மேல் விழுந்த வருஷம், இனி தாடியை இழுத்துப் பார்த்துத்தான் ஆளை எடுக்க வேண்டும் என்று மேஜையைத் தட்டியவர் இவர். காரணத்தைச் சொல்ல எனக்கு வாய் வரவில்லை.

அவர் தோற்றுவிட வேண்டும் என்று கூடத்தில் உட்கார்ந்து வேண்டிக்கொண்டேன். கட்டியவள் வேண்டுகிற வேண்டுதலா இது! லிங்கனின் புகழ்பெற்ற கெட்டிஸ்பர்க் உரையை ஆரம்பித்தார். குரல் கரகரத்து, பாதியில் உடைந்தது. கூடமே அழுதது. "லிங்கனே வந்துட்டாருய்யா" என்று விர்ஜில் எழுந்து நின்று கைதட்டினான். அந்தக் கரகரப்பு எதனால் என்று எனக்கு மட்டும்தான் தெரியும். அவரையே தேர்ந்தெடுத்தார்கள். நானும் கைதட்டினேன், வேறென்ன செய்ய?

லிங்கன் வேஷத்தின் அந்தக் கறுப்புக் கோட்டை வேறு எவனுக்கும் கழற்றித் தரமாட்டார். உனக்குத் தருவார். அவர் உயரம், அந்த நீண்ட மூஞ்சி எல்லாம் உனக்கு அப்படியே வந்திருக்கிறது. கோமாளி வேஷம் என்று நீ கத்திவிட்டுப் போனதை அவர் எப்போதோ மறந்துவிட்டார்.

கர்த்தர் உன்னைக் காக்கட்டும். லீவு கிடைக்குமா, எப்படி வருவது என்பதையெல்லாம் பிறகு யோசி. இன்று முதல் மீசையை மட்டும் மழித்துக்கொள், கண்ணா. தாடியில் கத்தி வைக்காதே.

உன் வழியையே பார்த்திருக்கும்
அம்மா லொரைன்