நடைபிணத்தின் கைஞாபகம்

பெப்ரவரி 11, செவ்வாய்

ஆசிரியர் மலருக்கு இரண்டு பக்கம் குறைகிறதாம். "லூர்து, நீங்க விஞ்ஞானம் படிப்பிக்கிற ஆள். சிரிக்கிற மாதிரி ஏதும் எழுதித் தாங்க" என்றார் அதிபர். இரண்டு பாடவேளை ஓய்வாக இருந்தது. எழுதிக் கொடுத்துவிட்டேன். தலைப்பு: 'சோம்பிகளின் அறிவுத்திறனும் கருவிப் பயன்பாடும் – ஓர் ஆய்வு'.

படங்களில் செத்தபிறகும் எழும்பி நடக்கிற சோம்பிகள் முப்பத்தொன்றிடம் கத்தரிக்கோல் கொடுத்துப் பார்த்தேனாம். இருபத்தொன்பது அதைத் தின்னப் பார்த்தன. இரண்டு மட்டும் பக்கத்தில் நின்றதற்கு முடி வெட்டின. அவை உயிரோடிருந்தபோது சலூன் வைத்திருந்தவை. ஆகவே மூளை அழுகினாலும் கை மறப்பதில்லை. இதற்குக் 'கைஞாபகம்' என்று பெயர். மூன்று ஆண்டுகள் நிற்கும். ஏன் மூன்று? எனக்கே தெரியாது. ஒரு எண் தேவைப்பட்டது.

வீட்டில் மனைவி ஷெரோன் வாசித்துவிட்டு, "உங்கட முப்பத்தொண்டும் ஸ்டாப் ரூமிலதானே இரிக்கி?" என்று கேட்டாள்.

பெப்ரவரி 17, திங்கள்

அச்சகத்திலிருந்து திருத்தப்பிரதி வந்தது. சோம்பி எல்லாம் சோம்பேறி ஆகியிருக்கிறது. 'சோம்பேறிகளின் கருவிப் பயன்பாடு.' அதிபர் அதை வாசித்துவிட்டு என்னை நிமிர்ந்து பார்த்த பார்வை சரியில்லை. உட்கார்ந்து எல்லாவற்றையும் 'நடைபிணம்' என்று மாற்றினேன்.

பெப்ரவரி 27, வியாழன்

யாரோ இரண்டாம் பக்கத்தை மட்டும் படம் பிடித்து வட்ஸ்அப்பில் விட்டிருக்கிறார்கள். 'சிரிப்புப் பக்கம்' என்ற வரி முதற்பக்கத்தில் இருக்கிறது. இரண்டாம் பக்கத்தில் கைஞாபகமும், என் பெயரும், பட்டமும், பாடசாலையின் பெயரும். கனடாவிலிருந்து ஒருவர் 'தரவுகளைப் பகிர முடியுமா' என்று மரியாதையாகக் கேட்டிருக்கிறார். என்ன பதில் எழுதுவது? எழுதவில்லை.

மார்ச் 3, திங்கள்

இன்று நடந்ததை எப்படி எழுதுவதென்றே தெரியவில்லை.

மூன்றாம் பாடவேளையில், என்னைத் தேடி ஒரு பெண் வந்திருப்பதாகச் சொன்னார்கள். ஐம்பது வயதிருக்கும். பெயர் தெய்வமணி. வாகரையிலிருந்து இரண்டு பஸ் மாறி வந்திருக்கிறா. பையிலிருந்து ஒரு தாளை எடுத்து விரித்தா – என் இரண்டாம் பக்கம், யாரோ அச்செடுத்துக் கொடுத்தது.

அவவின் கணவர் கதிர்காமத்தம்பி கடலில் தொழில் செய்தவர். சுனாமியில் போனார். உடல் கிடைக்கவில்லை. அவ ஆற்றில் இறால் பிடிக்கிறா, பகலில் பாலர் பாடசாலையில் சமைக்கிறா. சில மாதங்களாக, வேலை முடிந்து வீட்டுக்கு வந்தால் கிழிந்திருந்த வலை ஓட்டையெல்லாம் முடிச்சுப் போட்டுப் பொத்திக் கிடக்கிறதாம். யாரையும் காணவில்லையாம்.

"அதே முடிச்சு சேர். அவர்ர வலையில கிடந்த அதே முடிச்சு."

அது பகிடி அம்மா என்று சொல்ல வாயெடுத்தேன். அதற்குள் அவ கேட்டா:

"மூண்டு வருசம் எண்டு போட்டிருக்கீங்க. அவர் போய் இருவது வருசமாச்சு. உப்புத்தண்ணிக்குள்ள கிடந்தா கூடக் காலம் நிக்காதா? இருவது எண்டு ஒரு துண்டு எழுதித் தர ஏலுமா சேர்?"

நான் என்ன சொன்னேன்? "பார்த்துச் சொல்றன்" என்றேன். பார்த்து! எங்கே போய்ப் பார்ப்பது? அவ நன்றி சொல்லி, தாளை நாலாய் மடித்துக்கொண்டு போனா. நான் ஒன்பதாம் வகுப்புக்குப் போய் ஒளித்தொகுப்பு படிப்பித்தேன். என்ன படிப்பித்தேனோ.

மார்ச் 5, சாம்பல் புதன்

பாவசங்கீர்த்தனத்துக்கு வரிசையில் நின்று, என் முறை வருமுன் விலகி வந்துவிட்டேன். இதை என்ன பாவம் என்று சொல்வது? பொய்யா? பகிடிதானே. அப்படியானால் ஏன் மூன்று நாளாகச் சோறு இறங்கவில்லை?

இன்னொன்றும் இருக்கிறது. அந்த வலையைப் பொத்துவது யார்? நான் எழுதின எல்லாமே பொருந்துகிறதே – தொழில் தெரிந்த கை, பேச்சில்லை, ஆளைக் காணவில்லை. நானே கட்டிவிட்ட கதையை நானே நம்பத் தொடங்கிவிட்டேனா? சீ.

ஷெரோன் சொல்கிறாள்: "நேர போய் உண்மையச் சொல்லிப்போட்டு வாங்க. ஏசினா வாங்குங்க."

மார்ச் 9, ஞாயிறு

பூசை முடிந்து மோட்டார்சைக்கிளில் வாகரைக்குப் போனேன். சுனாமி வீட்டுத்திட்டத்தில் கேட்டதும் வீட்டைக் காட்டினார்கள். பகல் பத்தரை மணி. கதவு பூட்டியிருந்தது. வளவுக்குள் பூவரச மரத்தடியில் ஓர் ஆள் வலையை மடியில் போட்டு, வலையூசியால் பொத்திக்கொண்டிருந்தார். மெலிந்த ஆள், நரைத்த தாடி. என்னைக் கண்டதும் அந்தக் கை அப்படியே நின்றது.

நான் மோட்டார்சைக்கிள் பக்கம் இரண்டடி பின்வாங்கினேன். விஞ்ஞானமாணிப் பட்டதாரியாம்!

"ஆரு நீங்க?" என்று அவர்தான் கேட்டார்.

"லூர்து. டவுனில படிப்பிக்கிற."

"நடைபிணம் எழுதின சேரா?"

"ஓம்."

சற்று யோசித்துவிட்டு, "நான்தான் அது" என்றார்.

பெயர் ஏரம்பமூர்த்தி. கதிர்காமத்தம்பியோடு ஒரே தோணியில் போனவர். சுனாமியன்று காய்ச்சலென்று தகப்பனின் வீட்டுக்குப் போயிருந்ததால் தப்பியிருக்கிறார். கல்யாணம் செய்யவில்லை. இவ்வளவையும் அவர் தலை நிமிராமல் சொல்லி முடிக்க, தெய்வமணி விறகோடு வந்தா. எங்கள் இருவரையும் பார்த்தா. விறகை இறக்கிவைத்துவிட்டு, "தேத்தண்ணி குடிக்கிறீங்களா சேர்?" என்றா.

அவவுக்கு எல்லாம் தெரியும்! முதல் நாளிலிருந்தே தெரியும். அப்படியென்றால் ஏன் என்னிடம் அந்தத் துண்டைக் கேட்டீங்க என்று கேட்டேன்.

"பக்கத்து வீடு என்ட மச்சாள், புஸ்பம். என்ட மனிசன்ர அக்கா. சுனாமிக்குப் பொறகு அவவுக்கு நானும் எனக்கு அவவும்தான். வலைய ஆரு பொத்தின எண்டு கேட்டா. நான் வேற வழியில்லாம, அவர்தான் எண்டு உங்கட தாளக் காட்டிப்போட்டன். நம்பினா மாதிரித்தான் இருந்தா, மறுகா 'மூண்டு வருசம் எண்டெல்லோ கிடக்கு' எண்டு கேக்கிறா."

"உண்மையச் சொன்னா என்ன அம்மா?" என்றேன்.

அவ ஏரம்பமூர்த்தியைப் பார்க்கவில்லை. "என்ட தம்பிய மறந்திட்டாய் எண்டு அவ ஒரு சொல் சொன்னா நான் தாங்க மாட்டன் சேர்."

மறுப்பு எழுதப்போவதாகச் சொன்னேன். "எழுதாதீங்க" என்று இருவரும் ஒரே நேரத்தில் சொன்னார்கள்.

மார்ச் 10, திங்கள்

மறுப்பை எழுதினேன். அனுப்பவில்லை. அழித்தேன்.

ஏப்ரல் 2, புதன்

அறியாத இலக்கத்திலிருந்து அழைப்பு. "நான் வாகரையில இருந்து புஸ்பம் கதைக்கிறன். தெய்வமணிட மச்சாள்." மாட்டிக்கொண்டேன் என்று நினைத்தேன்.

"சேர், என்ட தம்பிக்கு வலை பொத்தவே தெரியாது. பொறுமையில்லாத பொடியன். கிழிஞ்சா ஏரம்பமூர்த்திட்டத்தான் குடுப்பான். அந்த முடிச்சு ஆருட எண்டு எனக்குத் தெரியாதா?"

"அப்ப ஏன் நீங்க ஒண்டும் சொல்லல்ல?"

"அவள் சொல்லட்டும் எண்டு இருந்தன். அவள் எனக்குப் பயந்து செத்தவனக் கூட்டி வாறாள். நான் என்ன செய்ய? தெரியும் எண்டு மூஞ்சிக்கு நேர சொன்னா, வெக்கத்தில அந்த மனிசன வரவேணாம் எண்டிருவாள். இருவது வருசம் சேர். அவளுக்கும் ஒரு துணை வேணாமா?"

பிறகு குரலைத் தாழ்த்தி, "நீங்க மறுகா ஒரு தாள் எழுதுங்களன். நடைபிணம் போற மாதிரி" என்றா.

ஒருத்தி இருபது வருசம் நிற்க வேண்டுமென்கிறா, மற்றவ போக வேண்டுமென்கிறா. இருவரில் ஒருவரும் நம்பவில்லை. நான் யாருக்கு எதை நிரூபிக்கிறேன்?

ஏப்ரல் 4, வெள்ளி

எழுதினேன். 'இரண்டாம் கட்ட ஆய்வு: நடைபிணம் தன் கருவியை உயிரோடுள்ள ஒருவர் நேசமாகக் கையிலெடுப்பதைக் கண்டால், அதற்குப் பிறகு வருவதில்லை. இது தோல்வியல்ல, ஓய்வு.' கடைசி வரி விஞ்ஞானம் இல்லை. ஷெரோன் வெட்டவேண்டாம் என்றாள். இரண்டு பேரின் இலக்கத்துக்கும் அனுப்பினேன்.

ஏப்ரல் 19, சனி

தெய்வமணியிடமிருந்து குரல்பதிவு: "மச்சாள் தாள வாசிச்சுப்போட்டு, வலையூசியக் கொண்டுபோய் ஏரம்பமூர்த்திட கையில குடுத்திட்டா சேர். ஒண்டும் கேக்கல்ல. எனக்கு ஒண்டும் விளங்கல்ல." எனக்கும்தான்.

ஜூன் 12, வியாழன்

தெய்வமணிக்கும் ஏரம்பமூர்த்திக்கும் கல்யாணப் பதிவு பத்து மணிக்கு முடிந்தது. சாட்சிக்கு நானும் புஸ்பமும். ஏரம்பமூர்த்தி புதுச் சேட்டு போட்டிருந்தார். கொலரில் கடைக்காரன் குத்திய ஊசி அப்படியே இருந்தது. கையெழுத்து வைக்கக் குனிந்தபோது அது கழுத்தில் குத்த, முகத்தைச் சுழித்தார். புஸ்பம் எட்டி அதைக் கழற்றி, தன் சேலைத் தலைப்பில் குத்திக்கொண்டு, "இப்ப வைங்க" என்றா.